கோடு எங்கே விழுந்தது? பேராக் தோட்டங்களும் ‘சட்டவிரோதக் குடியேறி’ என்ற சொல்லும்



‘சட்டவிரோதக் குடியேற்றம்’ என்றதும் பிள்ளைகளுக்கு உடனே நினைவுக்கு வருவது தொலைக்காட்சியில் பார்த்த பாலைவனம்தான். அமெரிக்காவுக்கும் மெக்சிகோவுக்கும் நடுவே உயர்ந்த வேலி, மணலில் நடக்கும் மனிதர்கள், சுற்றி வரும் காவல் வண்டிகள். அந்தப் பாலைவனத்தில் எல்லை கடக்க வருகிறவர்கள் மட்டும் இல்லை, காலங்காலமாக அங்கேயே வாழ்கிறவர்களும் இருக்கிறார்கள். அரிசோனாவின் தொஹோனோ ஓதாம் என்ற பூர்வகுடியினர் அவர்களில் ஒரு பிரிவினர். 1853-இல் இரு அரசுகளும் செய்துகொண்ட நில விற்பனை ஒப்பந்தத்தால் எல்லைக்கோடு அவர்களுடைய நிலத்தின் குறுக்கே விழுந்தது. அவர்கள் எங்கும் போகவில்லை. ஆனால் இன்று சொந்த மண்ணிலேயே சோதனைச் சாவடியில் நின்று, “நீ யார்?” என்ற கேள்விக்குப் பதில் சொல்கிறார்கள்.

“நம்ம ஊர்ல பாலைவனமா இருக்கு? இது நமக்கு எதுக்கு?” என்று ஒரு மாணவர் கேட்கலாம். பேராக்கில் மணல் எல்லை இல்லைதான். மேற்கே மலாக்கா நீரிணை இருக்கிறது, வடக்கே தாய்லாந்து எல்லை இருக்கிறது. இவை இரண்டையும்விட நம் மக்களை ஆழமாகத் தொட்ட மூன்றாவது எல்லை ஒன்றும் உண்டு. அது சட்டப் புத்தகத்திலும் அடையாள அட்டையிலும் கிடந்தது. அந்தக் கோடு பேராக் தோட்டங்களின் லயங்களுக்குள் எப்படி வந்து விழுந்தது, அதனால் தோட்ட மக்கள் இரண்டு முறை எப்படி அடிபட்டார்கள் என்பதே இந்தக் கட்டுரை.

1. திறந்திருந்த கதவு

பேராக்கில் தமிழ்த் தொழிலாளர்களின் வரலாறு இரப்பருக்கு முந்தியது. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வட பேராக்கின் கிரியான் மாவட்டக் கரும்புத் தோட்டங்களில் ஒப்பந்தக் கூலிகளாக அவர்கள் உழைத்தார்கள். பிறகு இரப்பரின் விலை ஏறியது. கிந்தா பள்ளத்தாக்கு, சுங்கை சிப்புட், கோலகங்சார், கீழ்ப் பேராக் என்று காடு அழிந்து பால்மரக் காடு எழுந்தது. அதற்கு ஆள் தேவைப்பட்டது, அதுவும் குறைந்த கூலிக்கு நிறைய ஆள்.

1907-இல் தமிழ்க் குடியேற்ற நிதி உருவாக்கப்பட்டது. பின்னாளில் இது இந்தியக் குடியேற்ற நிதி என்று பெயர் பெற்றது. எத்தனை இந்தியத் தொழிலாளர்களை வேலைக்கு வைத்திருக்கிறார்களோ அதற்கேற்ப முதலாளிகள் இந்த நிதிக்குப் பணம் கட்ட வேண்டும். அந்தப் பணத்தில்தான் ஆள் திரட்டும் செலவும் கப்பல் செலவும் நடந்தன. ஒப்பந்தக் கூலி முறை 1910-இல் முடிவுக்கு வந்தபின் கங்காணி முறையே முதன்மையானது. கங்காணி உரிமச் சீட்டுடன் தன் ஊருக்குப் போவார், சொந்தபந்தங்களைக் கூட்டிக்கொண்டு வருவார், தலைக்கு இவ்வளவு என்று காசு பெறுவார். ஆவடியிலும் நாகப்பட்டினத்திலும் முகாம்கள் இருந்தன. கப்பல் பினாங்கு வந்ததும் ஜெரெஜாக் தீவில் தனிமைப்படுத்தி வைத்து, நோய் இல்லை என்று தெரிந்தபின் தோட்டத்துக்கு அனுப்பினார்கள்.

இங்கே மாணவர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. இப்படி வந்தவர்கள் யாரும் அன்றைய சட்டப்படி ‘வெளிநாட்டவர்’ அல்லர். மதராஸ் மாகாணமும் பிரிட்டிஷ் ஆட்சியில்தான் இருந்தது, மலாயாவும் பிரிட்டிஷாரின் கையில்தான் இருந்தது. பிரிட்டிஷ் குடிமக்களாகவே அவர்கள் கடல் கடந்தார்கள். நுழைவதற்குத் தடை இல்லை. சொல்லப்போனால், வரச் சொல்லி அழைத்ததே அரசும் முதலாளிகளும்தான்.

2. தேவைப்பட்டால் திறக்கும், தேவை தீர்ந்தால் மூடும்

கதவு யாருக்காகத் திறந்திருந்தது என்பது 1930-களின் பொருளாதார மந்தத்தில் தெரிந்தது. இரப்பர் விலை சரிந்தது. தோட்டங்கள் ஆளைக் குறைத்தன, கூலியையும் குறைத்தன. அழைத்து வரப் பயன்பட்ட அதே நிதி இப்போது திருப்பி அனுப்பப் பயன்பட்டது. சில ஆண்டுகளுக்குள் இலட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியத் தொழிலாளர்கள் கப்பலேறித் திரும்பினார்கள். விலை மீண்டும் ஏறியதும் ஆள் எடுப்பு மறுபடி தொடங்கியது.

அதே காலத்தில் சட்டமும் மாறத் தொடங்கியது. 1928-இல் குடியேற்றக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. 1930-இல் அதைக் கொண்டு சீன ஆண் தொழிலாளர்களின் வருகைக்கு வரம்பு விதித்தார்கள். 1933-இல் அந்நியர் சட்டம் வந்தது. இந்த இரண்டும் முதன்மையாகச் சீனர்களையே தாக்கின. இந்தியர்கள் பிரிட்டிஷ் குடிமக்கள் என்பதால் ‘அந்நியர்’ பட்டியலில் சேரவில்லை. 1938 ஜூன் மாதத்தில் இந்திய அரசே பயண உதவியுடன் தொழிலாளர்களை மலாயாவுக்கு அனுப்புவதைத் தடை செய்தது. தோட்டங்களில் கூலியைக் குறைத்ததே அதற்குக் காரணம். கங்காணி முறை அத்தோடு முடிந்தது.

போருக்குப் பிறகு நிலைமை முற்றிலும் வேறானது. இந்தியா 1947-இல் விடுதலை பெற்றது. மலாயாவில் 1952-ஆம் ஆண்டின் குடிநுழைவுச் சட்டம் 1953 ஆகஸ்டு 1-இல் நடப்புக்கு வந்தது. அன்றுமுதல் இந்தியாவிலிருந்து வருகிறவருக்கும் அனுமதி தேவை. தொழில் திறன் உள்ளவர், இங்கே வசிப்பவரின் மனைவி மக்கள் போன்ற சில பிரிவினருக்கு மட்டுமே வழி இருந்தது. அதே நாகப்பட்டினம், அதே கப்பல், அதே பினாங்குத் துறை. 1937-இல் வந்த அண்ணனை அரசே செலவு செய்து அழைத்து வந்தது. 1954-இல் தம்பி அனுமதி இல்லாமல் வந்தால் அவர் குற்றவாளி. நடுவில் மாறியது சட்டம் மட்டுமே.

தேர்வில் இதை எழுதும்போது ‘புலம்பெயர்ந்தோர்’ என்று பொதுவாகச் சொல்லாமல், எந்த ஆண்டு வந்தவர்கள், அப்போது எந்தச் சட்டம் இருந்தது என்று சேர்த்து எழுதினால் விடை தனித்து நிற்கும்.

3. நீல அட்டையும் சிவப்பு அட்டையும்

1948 ஜூன் 16-ஆம் தேதி சுங்கை சிப்புட் பகுதித் தோட்டங்களில் மூன்று ஐரோப்பியத் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதைத் தொடர்ந்து அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. பேராக் அதன் மையக் களங்களில் ஒன்று. அவசரகாலத்தின் விளைவாக அடையாள அட்டை வந்தது. 12 வயதுக்கு மேற்பட்டவர்கள் பதிந்துகொள்ள வேண்டியதாயிற்று. தோட்டத்து லயங்களைச் சுற்றிலும் முள்வேலி எழுந்தது. வெளியே போகவும் உள்ளே வரவும் அட்டையைக் காட்ட வேண்டும். ‘நீ யார்?’ என்ற கேள்வி தோட்டத்து வாசலுக்கு வந்தது இப்படித்தான்.

அடுத்த கேள்வி, ‘நீ எந்த நாட்டான்?’ என்பது. 1948 பிப்ரவரி 1-இல் அமைந்த மலாயாக் கூட்டரசின் குடியுரிமை விதிகள் கடுமையாக இருந்தன. வெளியே பிறந்தவர் நீண்ட காலம் இங்கே வசித்திருக்க வேண்டும், மொழி தெரிந்திருக்க வேண்டும். 1957 ஆகஸ்டு 31-இல் மெர்டேக்கா வந்தபோது விதிகள் தளர்ந்தன. அன்றும் அதற்குப் பிறகும் இம்மண்ணில் பிறந்தவர்கள் பிறப்பாலேயே குடிமக்கள் ஆனார்கள். அதற்கு முன் பிறந்தவர்களும் வெளியே பிறந்தவர்களும் விண்ணப்பிக்கலாம். முதல் ஓராண்டில் விண்ணப்பித்தவர்களுக்கு மொழித் தேர்விலிருந்து சலுகையும் இருந்தது.

பிறகு ஏன் இத்தனை பேர் விடுபட்டார்கள்? ‘அறியாமை’ என்று ஒரே சொல்லில் பல புத்தகங்கள் முடித்துவிடுகின்றன. அது பாதி உண்மைதான். தோட்டத்து வாழ்க்கையை நினைத்துப் பாருங்கள். விடியுமுன் பிரட்டு, பிறகு பால் வெட்டு, பால் எடுப்பு. பட்டணத்துக்குப் போனால் ஒரு நாள் கூலி போய்விடும். வீட்டில் மருத்துவச்சி கையில் பிறந்த குழந்தைக்குப் பத்திரம் இருக்காது. அட்டையில் கிராணி எழுதிய பெயர் ஒன்று, வீட்டில் அழைக்கும் பெயர் வேறு. விண்ணப்பம் எழுதிக் கொடுக்க ஆள் வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, “நாம இங்கதானே இருக்கோம், நம்மள யாரு என்ன கேக்கப் போறா?” என்ற நம்பிக்கை. நிரந்தரவாசிக்கு உரிய சிவப்பு அட்டை கையில் இருந்தது, வேலையும் நடந்தது. அதனால் நீல அட்டையின் அருமை அப்போது தெரியவில்லை.

அருமை தெரிந்தது 1969-இல். 1968-ஆம் ஆண்டின் வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டப்படி, குடிமக்கள் அல்லாதவர்கள் குறிப்பிட்ட வேலைகளைச் செய்ய ‘பெர்மிட்’ எடுக்க வேண்டும் என்ற விதி 1969 மே கலவரத்தை ஒட்டிய மாதங்களில் தோட்டங்களைத் தாக்கியது. இருபது, முப்பது ஆண்டுகள் அதே மரத்தில் பால் வெட்டியவர் திடீரென்று அனுமதி தேவைப்படும் வெளிநாட்டுத் தொழிலாளி ஆனார். அந்நாளில் இந்தியாவுக்குத் திரும்பியவர்களின் எண்ணிக்கையை ஆய்வாளர்கள் ஏறத்தாழ 60,000 என்று பொதுவாகக் குறிப்பிடுகிறார்கள். அவர்களில் பலருக்கு இந்தியா என்பது பெற்றோர் சொன்ன ஊர்ப்பெயர் மட்டும்தான். குடும்பங்கள் பிரிந்தன. நீல அட்டை வைத்திருந்த பிள்ளைகள் இங்கே, சிவப்பு அட்டைத் தாய் தந்தையர் அங்கே.

இது நமக்கு மட்டும் நடந்ததல்ல. இலங்கையின் மலையகத் தமிழர்கள் 1948 குடியுரிமைச் சட்டத்தால் நாடற்றவர்கள் ஆனார்கள். 1964-இல் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களில் 525,000 பேரை இந்தியாவுக்கும் 300,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்தது. பாக் நீரிணையைக் களவாகக் கடந்தவர்களைக் குறித்த ‘கள்ளத்தோணி’ என்ற சொல், தேயிலைத் தோட்டத்திலேயே பிறந்து வளர்ந்தவர்களையும் ஏசும் சொல்லாக அங்கே மாறியது. இங்கே நம்மை நோக்கி வீசப்படும் ‘பெண்டாத்தாங்’ என்ற சொல்லுக்கும் அதே குணம்தான்.

4. காலியான லயத்துக்கு யார் வந்தார்கள்?

1969-இல் கதவு மூடியாயிற்று. தோட்டத்துக்கு ஆள் தேவைப்படுவது நின்றுவிட்டதா? இல்லை. 1970-களில் இரப்பர் மரங்கள் வெட்டப்பட்டு செம்பனை நடப்பட்டது. படித்த இளைஞர்கள் தொழிற்சாலை வேலைக்குப் போனார்கள். குலை வெட்டவும், பூச்சிமருந்து அடிக்கவும், உரம் போடவும் ஆள் தேவைப்பட்டது. கூலியை உயர்த்தி உள்ளூர் ஆளைத் தக்கவைத்துக்கொள்வது ஒரு வழி. குறைந்த கூலிக்கு வெளியிலிருந்து ஆள் கொண்டுவருவது இன்னொரு வழி. நிர்வாகங்கள் பெரும்பாலும் இரண்டாவது வழியிலேயே போயின.

இந்தோனேசியாவின் சுமத்ரா கரை பேராக் கரையிலிருந்து ஓர் இரவுப் படகுப் பயணம். ‘தெக்கோங்’ எனப்படும் படகுத் தரகர்கள் ஆட்களை உத்தான் மெலிந்தாங், பாகான் டத்தோ போன்ற கரையோரங்களில் இறக்கினார்கள். அங்கிருந்து ‘ஜாலான் திக்குஸ்’ என்று சொல்லப்படும் எலிப் பாதைகள் வழியே ஒப்பந்தக்காரரின் லாரிக்கு, லாரியிலிருந்து தோட்டத்துக்கு. 1984-இல் மலேசியாவும் இந்தோனேசியாவும் மேடானில் ஒப்பந்தம் செய்தன. தோட்டத் தொழிலாளர்கள் முறையாக வர வழி பிறந்தது. ஆனால் முறையான வழிக்குச் செலவு அதிகம், காலமும் அதிகம். படகு வழி மலிவு. அதனால் ஒப்பந்தத்துக்குப் பிறகும் படகுகள் நிற்கவில்லை. 1990-களில் வங்காளதேசத் தொழிலாளர்களும் வந்தார்கள்.

அரசு ஒரு பக்கம் துரத்தியது, மறுபக்கம் பதிந்தது. 1991, 1992-இல் ‘ஓப்ஸ் ஞா’ நடவடிக்கைகள் நடந்தன. 2002 ஆகஸ்டு 1-இல் திருத்தப்பட்ட குடிநுழைவுச் சட்டம் நடப்புக்கு வந்தது. அனுமதியின்றி நுழைந்தவருக்கு 10,000 ரிங்கிட் வரை அபராதம், 5 ஆண்டு வரை சிறை, 6 பிரம்படி வரை தண்டனை. அனுமதி இல்லாதவரை வேலைக்கு வைக்கும் முதலாளிக்கும் தலைக்கு 10,000 முதல் 50,000 ரிங்கிட் வரை அபராதம் என்று சட்டம் சொல்கிறது. 2011-இல் ‘6பி’ திட்டம் வந்தது: பதிவு, பொதுமன்னிப்பு, வெளியேற்றம் என்று ஆறு படிகள். 2020-இன் இறுதியில் ‘ரெகாலிபரசி’ வந்தது. பெயர்கள் மாறினாலும் ஆள் தேவைப்படும்போது பதிவதும் தேவை தீர்ந்தால் அனுப்புவதும் மாறவில்லை. 1930-களின் கப்பல்களை நினைவில் வைத்திருக்கும் வாசகருக்கு இது ஒன்றும் புதிதாகத் தெரியாது.

5. தோட்ட மக்கள்மீது ஏற்பட்ட விளைவுகள்

இந்தப் பகுதியைத் தேர்வு மாணவர்கள் நான்கு தலைப்புகளாக நினைவில் வைத்துக்கொள்ளலாம்.

முதலாவது, கூலி. அனுமதி இல்லாதவர் புகார் செய்ய முடியாது, சங்கத்தில் சேர முடியாது, சம்பளம் பாக்கி வைத்தாலும் காவல் நிலையம் போக முடியாது. அப்படிப்பட்டவரோடு போட்டி போட வேண்டிய உள்ளூர்த் தொழிலாளியின் பேரம் பேசும் பலமும் குறைந்தது. 1954-இல் உருவான தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் நிர்வாகத்தோடு கூட்டு ஒப்பந்தம் பேச முடிந்ததற்குக் காரணம், நேரடி வேலையில் ஆட்கள் இருந்ததுதான். ஒப்பந்தக்காரர் வழியாக வேலை பிரிந்து போனதும் அந்தப் பலம் கரைந்தது. “வேலைய அவன் புடிச்சிக்கிட்டான்” என்று கோபம் பக்கத்து லயத்தின்மீது திரும்பியது. கூலியை நிர்ணயித்தவர் பக்கத்து லயத்தில் இல்லை என்பதை வகுப்பில் எடுத்துச் சொல்ல வேண்டும்.

இரண்டாவது, வீடு. லயத்து வீடு வேலையோடு ஒட்டியது. வேலை போனால் வீடும் போகும். 1950-களிலும் 60-களிலும் ஐரோப்பிய நிறுவனங்கள் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றபோதே இந்த ஆபத்து தெரிந்தது. சுங்கை சிப்புட்டில் பிறந்த துன் வீ. தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தொழிலாளர்களின் பத்து வெள்ளிகளைச் சேர்த்துத் தோட்டம் வாங்கியது இதற்கு மாற்றாகத்தான். அந்த வாய்ப்பு எல்லாருக்கும் கிடைக்கவில்லை. பின்னாளில் தோட்டம் மேம்பாட்டுக்குப் போனபோதும், வேலை ஒப்பந்தத்துக்குப் போனபோதும் வெளியேறியவர்களில் பலர் ஈப்போவின் புந்தோங் போன்ற குடியிருப்புகளிலும் சிறுபட்டணங்களின் மலிவு வீடுகளிலும் ஒதுங்கினார்கள்.

மூன்றாவது, பள்ளி. தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியின் உயிர் லயத்துப் பிள்ளைகள்தான். குடும்பங்கள் வெளியேறி, அந்த இடத்துக்குத் தனி ஆட்களாக வந்த வெளிநாட்டுத் தொழிலாளர்கள் குடியேறியதும் பள்ளிகளில் மாணவர் எண்ணிக்கை விழுந்தது. இன்று பேராக்கில் பள்ளி இருக்கும் தோட்டத்தில் ஆள் இல்லை, பிள்ளைகள் இருக்கும் தாமானில் பள்ளி இல்லை என்ற நிலைக்கு இது ஒரு முக்கியக் காரணம்.

நான்காவது, அச்சம். அடையாள அட்டையை எப்போதும் கையில் வைத்திருக்க வேண்டும் என்பது சட்டம். சோதனை நடக்கும்போது முகத்தைப் பார்த்துச் சந்தேகப்படுவது எளிது. அட்டை இல்லாத, அல்லது சிவப்பு அட்டையைத் தொலைத்த தமிழரும் வங்காளதேசியரும் சோதிப்பவரின் கண்ணுக்கு ஒரே மாதிரிதான் தெரிவார்கள். தாத்தா காலத்தில் கட்டிய வேலிக்குள் பேரன் இன்றும் தன்னை நிரூபிக்க வேண்டியிருக்கிறது.

6. பீடோர், 2024

2024 பிப்ரவரி 1-ஆம் தேதி இரவு பேராக்கின் பீடோர் தற்காலிகக் குடிநுழைவுத் தடுப்பு முகாமிலிருந்து 131 பேர் தப்பினார்கள். அவர்களில் பெரும்பாலோர் ரொஹிங்யாக்கள், மற்றவர்களும் மியன்மாரைச் சேர்ந்தவர்கள். ஒருவர் நெடுஞ்சாலையில் வாகனம் மோதி இறந்தார். சுற்றிலும் கிராமங்கள், செம்பனைத் தோட்டங்கள், பூர்வகுடிக் குடியிருப்புகள். சாலைத் தடுப்புகளும் தேடுதல் வேட்டையும் நடந்தன. அந்த நாள்களில் பீடோர், தாப்பா வட்டார மக்களுக்கு எல்லை என்பது வீட்டுக் கொல்லைக்கே வந்துவிட்டது. முன்பின் தெரியாத நூற்றுக்கும் மேற்பட்டோர் இருட்டில் ஓடும்போது கதவைத் தாழிடுவது இயல்பு. அந்தப் பயத்தை யாரும் குறை சொல்ல முடியாது.

ஆனால் வரலாற்று மாணவர் இன்னொரு கேள்வியையும் கேட்க வேண்டும். ரொஹிங்யாக்கள் ஏன் நாடற்றவர்கள்? 1982-ஆம் ஆண்டின் மியன்மார் குடியுரிமைச் சட்டம் அவர்களை அங்கீகரிக்கப்பட்ட இனங்களின் பட்டியலில் சேர்க்கவில்லை. பிறந்து வளர்ந்த ஊரிலேயே அவர்களை ‘வந்தேறி’ என்றார்கள். 1951-ஆம் ஆண்டின் ஐ.நா. அகதிகள் உடன்படிக்கையில் மலேசியா கையெழுத்திடவில்லை. ஆகவே இங்கே சட்டத்தின் பார்வையில் அவர்கள் அகதிகள் அல்லர், அனுமதியற்ற குடியேறிகள். சிவப்பு அட்டைத் தாத்தாவின் கதை தெரிந்த வீட்டுக்கு இந்தக் கதை அந்நியமானது அல்ல.

7. ஆசிரியர்கள் கவனத்துக்கு: வகுப்பில் உள்ள பிள்ளை

இந்த வரலாறு முடிந்துபோனது அல்ல. பத்திரம் இல்லாத பிள்ளை இன்றும் தமிழ்ப்பள்ளி வகுப்பறையில் உட்கார்ந்திருக்கலாம். காரணம் பெரும்பாலும் மூன்றில் ஒன்றாக இருக்கும்.

முதல் காரணம், பெற்றோரின் அட்டை. 1962 அரசியலமைப்புத் திருத்தத்துக்குப் பிறகு, இங்கே பிறந்தால் மட்டும் போதாது. பிறக்கும்போது பெற்றோரில் ஒருவராவது குடிமகனாகவோ நிரந்தரவாசியாகவோ இருக்க வேண்டும். அதை நிரூபிக்கப் பத்திரம் வேண்டும். தாத்தாவிடம் இல்லாத தாள் அப்பாவின் கையில் இல்லாமல் போய், பேரன்வரை நீள்கிறது.

இரண்டாம் காரணம், பதியாத திருமணம். 1976-ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சட்டம் 1982 மார்ச் 1-இல் நடப்புக்கு வந்தது. கோயிலில் தாலி கட்டியது ஊரறிந்த கல்யாணம்தான். ஆனால் பதிவு இல்லையென்றால் சட்டப்படி அது திருமணம் அல்ல. அப்போது பிள்ளைக்குத் தந்தையின் குடியுரிமை வராது, தாயின் நிலைதான் வரும். தாய் வெளிநாட்டவராகவோ நாடற்றவராகவோ இருந்தால் பிள்ளையும் அப்படியே. தந்தையின் நீல அட்டை பெட்டிக்குள்ளேயே கிடக்கும்.

மூன்றாம் காரணம், பதியாத பிறப்பு, அல்லது ஆவணம் இல்லாமல் தத்தெடுத்தது.

2011-இல் நடந்த ‘மைடஃப்தார்’ இயக்கம் இப்படி விடுபட்டவர்களைத் தேடிப் பதிந்தது. 2018-இல், 60 வயதைத் தாண்டிய 3,407 இந்தியச் சிவப்பு அட்டைக்காரர்களுக்குக் குடியுரிமை வழங்கப்போவதாக அரசு அறிவித்தது. முதல் ஓராண்டுச் சலுகைக் காலம் முடிந்து 60 ஆண்டுகள் ஆன பிறகு! மறுபக்கம், 2024 அக்டோபரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய அரசியலமைப்புத் திருத்தம் வெளிநாட்டில் மலேசியத் தாய்க்குப் பிறக்கும் குழந்தைக்கு வழி திறந்தது. அதே திருத்தம் நிரந்தரவாசிகளுக்கு இங்கே பிறக்கும் குழந்தை தானாகவே குடியுரிமை பெறும் வழியை எடுத்துவிட்டது. இனிவரும் காலத்தில் சிவப்பு அட்டைக் குடும்பங்கள் மீது இதன் பாரம் விழும். எந்தக் கட்டத்தில் கோடு நகர்கிறது என்பதை நாம் கவனித்துக்கொண்டே இருக்க வேண்டும்.

வகுப்பாசிரியர் வழக்கறிஞர் அல்லர். ஆனாலும் முதலில் பார்ப்பவர் அவர்தான். பத்திரம் கொண்டுவராத பிள்ளையை வகுப்பில் எல்லார் முன்னாலும் கேட்காதீர்கள். பெற்றோரைத் தனியே அழைத்து, திருமணம் பதிந்ததா, பிறப்பு பதிந்ததா, யாருடைய அட்டை என்ன நிறம் என்று பொறுமையாகக் கேளுங்கள். ஆவணம் இல்லாத, ஆனால் பெற்றோரில் ஒருவர் மலேசியராக உள்ள பிள்ளைகள் அரசுப் பள்ளியில் சேர்வதற்கான விதிகள் 2019 முதல் தளர்த்தப்பட்டிருக்கின்றன. “அப்புறம் பாத்துக்கலாம்” என்று பன்னிரண்டு வயது வரை தள்ளிப்போடும் வழக்கம்தான் பெரிய எதிரி. அட்டை எடுக்கும் வயதில் பிரச்சினை வெளியே வரும்போது, சாட்சி சொல்ல வேண்டிய மருத்துவச்சியும் கிராணியும் இருக்க மாட்டார்கள்.

8. தொகுத்துப் பார்த்தால்

தோட்ட மக்கள் இரண்டு முறை அடிபட்டார்கள். முதல் முறை, அழைத்து வந்த நாட்டிலேயே அவர்கள் அந்நியர் ஆக்கப்பட்டபோது. இரண்டாம் முறை, அவர்களுடைய இடத்துக்கு இன்னும் உரிமை குறைந்த ஆட்கள் கொண்டுவரப்பட்டு, கூலியும் லயமும் கைநழுவியபோது. இரண்டுக்கும் வேர் ஒன்றுதான்: உழைப்பு வேண்டும், ஆனால் உழைப்பவர் நிலைத்துவிடக் கூடாது என்ற தோட்டப் பொருளாதாரத்தின் கணக்கு. 2013-இல் தீபகற்ப மலேசியாவில் 900 ரிங்கிட்டாகத் தொடங்கிய குறைந்தபட்சச் சம்பளம் வெளிநாட்டுத் தொழிலாளருக்கும் பொருந்தும் என்பது இந்தக் கணக்கை உடைக்கும் ஒரு சிறு படி. பக்கத்து லயத்துக்காரருக்கு முழுக் கூலி கிடைத்தால்தான் நம்மவர் கூலியும் நிற்கும்.

நினைவில் வைக்க வேண்டிய ஆண்டுகள்

1907 – தமிழ்க் குடியேற்ற நிதி
1910 – ஒப்பந்தக் கூலி முறைக்கு முடிவு
1933 – அந்நியர் சட்டம்
1938 – இந்திய அரசின் தடை. கங்காணி முறையின் முடிவு
1948 – மலாயாக் கூட்டரசு, அவசரகாலம், அடையாள அட்டை
1953 – புதிய குடிநுழைவுச் சட்டம் நடப்புக்கு வருதல்
1957 – மெர்டேக்கா, பிறப்பால் குடியுரிமை
1962 – பிறப்பால் குடியுரிமைக்குப் பெற்றோர் நிபந்தனை
1969 – வேலை அனுமதி; பெருந்திரளான வெளியேற்றம்
1984 – மேடான் ஒப்பந்தம்
2002 – கடுமையான குடிநுழைவுத் தண்டனைகள்
2024 – குடியுரிமைத் திருத்தம்

பயிற்சி வினாக்கள்

1. 1907 முதல் 1938 வரை தென்னிந்தியத் தொழிலாளர்கள் மலாயாவுக்குக் கொண்டுவரப்பட்ட முறையை விளக்குக.
2. மெர்டேக்காவுக்குப் பிறகும் தோட்டத் தொழிலாளர்களில் பலர் குடியுரிமை பெறாமல் போனதற்கு ‘அறியாமை’ மட்டுமே காரணமா? காரணங்களுடன் விவாதிக்க.
3. 1930-களில் இந்தியத் தொழிலாளர்கள் திருப்பி அனுப்பப்பட்டதையும் 1990-களின் ‘ஓப்ஸ் ஞா’ நடவடிக்கைகளையும் ஒப்பிடுக. ஒற்றுமைகள் இரண்டும் வேற்றுமைகள் இரண்டும் தருக.
4. உயர்நிலைச் சிந்தனை: சட்டவிரோதக் குடியேற்றத்தைக் குறைக்க எல்லைக் காவல் போதுமா, கூலிச் சட்டமும் வேண்டுமா? உங்கள் நிலைப்பாட்டை நிறுவுக.

செயல்திட்டம்: மாணவர்கள் தங்கள் வீட்டில் உள்ள மூத்தவரிடம் மூன்று கேள்விகள் கேட்டு எழுதி வரட்டும். எந்தத் தோட்டம்? முதல் அட்டை எந்த நிறம்? 1969-இல் குடும்பத்தில் யாராவது திரும்பிப் போனார்களா? பத்திரங்களை வாங்கி வரச் சொல்ல வேண்டாம், பெயர் குறிப்பிடவும் வேண்டாம். சொன்னதை மட்டும் எழுதினால் போதும். ஒரு வகுப்பின் முப்பது விடைகளைச் சேர்த்து வைத்தால், இன்னும் எந்தப் புத்தகத்திலும் ஏறாத பேராக் வரலாறு கொஞ்சம் கைக்கு வந்து சேரும்.